கையெழுத்துக்குக் கீழே இரண்டு ரேங்க்: பிரிட்டிஷ் ராணுவ அதிகாரியின் பணி வரலாற்றைத் தேடுவது எப்படி?

கேள்வி: 1945-ல் பர்மா போர்முனையில் என் தாத்தாவுக்குக் கொடுத்த நற்சான்றிதழில் ‘மேஜர் (தற்காலிக லெப்டினன்ட் கர்னல்)’ என்று ஒரு வெள்ளைக்கார அதிகாரி கையெழுத்திட்டிருக்கிறார். அவர் பிறகு ஜெனரல் ஆனார் என்பார்கள். இணையத்தில் தேடினால் ஒரே பதவி உயர்வுக்கு மூன்று தேதி வருகிறது. எதை நம்புவது?

பதில்: மூன்றுமே சரியாக இருக்கலாம். நம் ஊரில் ‘பொறுப்பு தாசில்தார்’ என்கிறோமே, அதே கதைதான். போர்க்காலத்தில் ஒருவர் முதலில் பொறுப்பு ரேங்க் பெறுவார். சில மாதம் அந்தப் பணியில் நீடித்தால் அது தற்காலிக ரேங்க் ஆகும். நிரந்தர ரேங்க் தனிக் கணக்கு. அது சீனியாரிட்டிப்படி மெதுவாக நகரும். பணி மாறினால் மேல் ரேங்க் போய்விடும், நிரந்தர ரேங்க் மட்டும் மிஞ்சும். உங்கள் அதிகாரி நிரந்தரத்தில் மேஜர்; அன்று பார்த்த வேலை லெப்டினன்ட் கர்னலுடையது.

பர்மாவில் 14-வது ராணுவத்துக்குத் தலைமை வகித்த வில்லியம் ஸ்லிம்மைப் பாருங்கள். 1914-ல் தற்காலிக இரண்டாம் லெப்டினன்ட்டாகச் சேர்ந்தவர், 1918-ல் தற்காலிக மேஜர். அடுத்த ஆண்டு இந்திய ராணுவத்துக்கு மாறியபோது மறுபடி கேப்டன். நிரந்தர மேஜர் ஆனது 1933-ல்! இடையில் 1930-ல் ‘பிரவெட்’ மேஜர் ஆனார். அது ராணுவ அளவில் மதிப்பு, ரெஜிமெண்டுக்குள் பழைய இடமே. பதினைந்து ஆண்டு தேங்கியவர், 1939-ல் கர்னல், 1942-ல் பொறுப்பு லெப்டினன்ட் ஜெனரல். ‘மேஜர்’ என்று தேடினால் அவருக்கும் மூன்று தேதிதான் வரும். ஆகவே ஒரு தாளில் இரண்டு பத்தி போட்டு, நிரந்தர ரேங்கை ஒன்றிலும் பார்த்த பணியை மற்றதிலும் எழுதுங்கள். பாதிக் குழப்பம் அங்கேயே தீரும்.

தேடும் முன் ஒன்றை முடிவு செய்ய வேண்டும்: அவர் பிரிட்டிஷ் ராணுவமா, இந்திய ராணுவத்தில் பணியாற்றிய பிரிட்டிஷ்காரரா? பெரும்பாலானோர் தடுமாறுவது இங்கேதான். மெட்ராஸ் ரெஜிமெண்ட், கூர்க்கா ரெஜிமெண்டுகள் என்றால் இந்திய ராணுவம். அதன் அதிகாரிகளின் தனிக்கோப்புகள் லண்டனில் பிரிட்டிஷ் நூலகத்தின் இந்தியா ஆபீஸ் (இந்திய நிர்வாகத்தைக் கவனித்த பிரிட்டிஷ் அரசுத் துறை) ஆவணங்களில், ‘எல்/மில்/14’ (L/MIL/14) வரிசையில் உள்ளன. லண்டனின் கியூ (Kew) பகுதியில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் இவர்களைத் தேடி நாளை வீணாக்காதீர்கள். அங்கே ‘டபிள்யூ.ஓ. 339’ (WO 339), ‘டபிள்யூ.ஓ. 374’ (WO 374) இரண்டும் முதல் உலகப்போர்க் கால அதிகாரிகளின் கோப்புகள். 1922-க்குப் பிறகும் பணியில் தொடர்ந்தவர்கள் பொதுவாக அவற்றில் இருக்க மாட்டார்கள்.

அடுத்தது பதவி உயர்வுகள் வெளியாகும் பிரிட்டிஷ் அரசிதழான லண்டன் கெஜட், இணையத்தில் இலவசம். அச்சான தேதி வேறு, உயர்வு நடைமுறைக்கு வந்த தேதி வேறு, சீனியாரிட்டி கணக்காகும் தேதி வேறு. மாதங்கள் கழித்து இணைப்பிதழில் வருவது சாதாரணம். ஸ்லிம்மின் ‘சர்’ பட்டம் 1944 செப்டம்பரில் வெளியானது. வைஸ்ராய் வேவல் இம்பாலில் வாளால் தோளைத் தொட்டு வழங்கியது டிசம்பரில். பழைய பக்கங்களை எந்திரம் படித்த எழுத்தில் பிழை மலிந்திருக்கும். பெயரில் கிடைக்காவிட்டால் அதிகாரியின் எண்ணை வைத்தோ, ரெஜிமெண்ட் பெயரோடு மாதத்தைக் குறுக்கியோ தேடுங்கள்.

கெஜட்டில் கிடைத்ததை, ராணுவ அதிகாரிகளின் அதிகாரபூர்வப் பட்டியலான ஆர்மி லிஸ்ட்டோடு ஒத்துப்பாருங்கள். ஸ்காட்லாந்து தேசிய நூலகம் பல ஆண்டுத் தொகுதிகளை இணையத்தில் ஏற்றியிருக்கிறது. பெயரருகே ‘பி.எஸ்.சி.’ என்றிருந்தால் கல்லூரிப் பட்டம் என்று எண்ணிவிட வேண்டாம். கேம்பர்லி அல்லது குவெட்டாவில் இருந்த ஸ்டாஃப் காலேஜில் (ராணுவ அதிகாரிகளின் உயர்பயிற்சிக் கல்லூரி) தேறியவர் என்று பொருள். ‘ஐ.டி.சி.’ இருந்தால் இம்பீரியல் டிஃபென்ஸ் காலேஜும் முடித்தவர். ஜெனரல் ஆகக்கூடியவர்களின் அடையாளம் அது. ஸ்லிம்முக்கு இரண்டும் உண்டு.

இன்னொரு பொறி: மேஜர் லெப்டினன்ட்டைவிடப் பெரியவர், ஆனால் லெப்டினன்ட் ஜெனரல் மேஜர் ஜெனரலைவிடப் பெரியவர். மேஜர் ஜெனரல் என்பது முன்பு ‘சார்ஜண்ட் மேஜர் ஜெனரல்’, சார்ஜண்ட் உதிர்ந்துவிட்டது. பிரிகேடியரோ அந்தக் காலத்தில் ஜெனரல் வரிசையிலேயே இல்லை. உங்கள் ஆள் பிரிகேடியரோடு ஓய்வு பெற்றிருந்தால் குடும்பக் கதையில் ‘ஜெனரல்’ ஒட்டிக்கொண்டிருக்கலாம்.

கையெழுத்தே புரியவில்லையா? நற்சான்றிதழின் ரப்பர் ஸ்டாம்பில் ரெஜிமெண்ட் பெயரையும் பட்டாலியன் எண்ணையும் பூதக்கண்ணாடியில் பாருங்கள். 1945 இந்திய ஆர்மி லிஸ்ட்டில் அந்த ரெஜிமெண்டுக்குரிய பக்கத்தில் மேஜர்கள் சிலர்தான் இருப்பார்கள். கிறுக்கலின் முதலெழுத்தை வைத்தே ஆளைப் பிடித்துவிடலாம்.