கியாரா: ஒளியா, கருமையா?

கியாரா என்ற பெயருக்கு ஒரு இணையதளம் 'ஒளி' என்கிறது, இன்னொன்று 'கருமை' என்கிறது, மூன்றாவது சமஸ்கிருதப் பெயர் என்கிறது, எதை நம்புவது என்று கேட்டிருந்தீர்கள். முதல் இரண்டுக்கும் அடிப்படை உண்டு. இத்தாலியப் பெயரான கியாரா லத்தீன் 'கிளாரா'விலிருந்து வந்தது. பொருள் தெளிவு, பிரகாசம். ஐரிஷில் கீரா என்று வேறொரு பெயர் இருக்கிறது, அது கருமையைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது. ஆங்கில எழுத்தில் இரண்டும் நெருங்கிவிட, தளங்கள் குழப்பிவிட்டன.

மூன்றாவதை நம்பும் முன் மோனியர் வில்லியம்ஸின் சமஸ்கிருத-ஆங்கில அகராதியில் (1899) தேடுங்கள், இணையத்தில் இலவசம்தான். பத்துத் தளங்கள் ஒரே பொருளைச் சொன்னாலும் அசராதீர்கள், எல்லாம் ஒன்றைப் பார்த்து ஒன்று எழுதுபவை. அப்புறம், வேர்ச்சொல்லைக் காட்டாமல் 'இறைவனின் பரிசு' என்று மட்டும் போடும் தளத்தை நான் கணக்கிலேயே எடுப்பதில்லை.