கேள்வி பதில்: குணச்சித்திர வேடங்கள்

கேள்வி: இரண்டு படங்களில் சிறு வேடம் செய்தேன். படப்பிடிப்பில் பாராட்டினார்கள். திரையில் பார்த்தால் என் குளோசப் ஒன்றுகூட இல்லை. எங்கே பிசகியது?

பதில்: நடிப்பு நன்றாகவே இருந்திருக்கலாம். ஷாட்டுகள் ஒன்றோடொன்று ஒட்டவில்லை என்றால் எடிட்டர் என்ன செய்வார்? ஒரு காட்சியை முதலில் எல்லோரும் தெரியும்படி வைடில் எடுப்பார்கள். பிறகு தோளுக்குப் பின்னாலிருந்து, கடைசியில் குளோசப். வைடில் "நாளைக்கு" என்ற சொல்லில் வலது கையால் டம்ளரை எடுத்திருந்தால், குளோசப்பிலும் அதே சொல்லில் அதே கையால்தான் எடுக்க வேண்டும். முதல் ஷாட்டிலேயே கண்ணாடியைக் கழற்றுவது, பேனாவை உருட்டுவது என்று நாலைந்து கைவேலை வைத்துக்கொண்டால் எதுவும் திரும்ப வராது. ஒன்று போதும். வசனத் தாளில் அந்தச் சொல்லுக்குக் கீழே கோடு போட்டு வையுங்கள்.

குளோசப்பில் எதிராளியின் வசனம் முடியும் முன் உங்கள் வசனத்தை ஆரம்பிக்காதீர்கள். இரண்டு குரலும் ஒன்றன்மேல் ஒன்று பதிவானால் அங்கே வெட்ட முடியாது. வேகமான சண்டைக் காட்சியானாலும் ஒரு மூச்சு இடைவெளி விடுங்கள். வேகத்தை எடிட்டர் கூட்டிக்கொள்வார். பார்வையும் அப்படித்தான். எதிரில் இருப்பவரின் இரண்டு கண்களையும் மாறி மாறிப் பார்த்தால் பெரிய திரையில் கருவிழி அலைபாயும். கேமராவுக்கு அருகில் உள்ள கண்ணை மட்டும் பாருங்கள்.

இன்னொன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். வசனம் முடிந்ததும் இயக்குநர் முகத்தைத் திரும்பிப் பார்க்கும் பழக்கம் பலருக்கு உண்டு. "கட்" என்ற சொல் காதில் விழும்வரை பாத்திரமாகவே இருங்கள். சிறு வேடத்தின் திரை நேரத்தில் பாதிக்கு மேல் பிறர் பேசுவதைக் கேட்கும் நேரம். அந்த மௌனமான சில விநாடிகளைத்தான் எடிட்டர் தேடுவார்.

கேள்வி: ஆடிஷன் வீடியோ அனுப்பச் சொல்கிறார்கள். எப்படி எடுப்பது?

பதில்: போனைப் படுக்கைவாட்டில், கண் மட்டத்தில் ஸ்டாண்டில் வையுங்கள். மார்புக்கு மேல் தெரியட்டும். வெளிச்சம் முகத்துக்கு முன்னாலிருந்து வர வேண்டும். ஜன்னல் முதுகுக்குப் பின்னால் இருந்தால் முகம் இருண்டுவிடும். எதிர் வசனம் படிப்பவர் லென்ஸை ஒட்டி நின்று, உங்களைவிடத் தணிந்த குரலில் படிக்கட்டும். போனுக்குப் பக்கத்தில் இருப்பது அவர்தான், அதனால் அவர் குரல் உங்கள் குரலை அமுக்கிவிடும். பெயரும் உயரமும் சொல்லும்போது மட்டும் லென்ஸைப் பாருங்கள்.

கேள்வி: சீரியலும் படமும் ஒரே நேரத்தில் வருகின்றன. இரண்டையும் ஒப்புக்கொள்ளலாமா?

பதில்: தேதிக்கு முன் தாடியைப் பாருங்கள். சீரியலில் மீசை, படத்தில் மழித்த முகம் என்றால் நாள்கள் மோதாவிட்டாலும் வேலை மோதும். ஒட்டு மீசை குளோசப்பில் ஓரம் தெரியும். முடி வெட்டுவதற்கு முன் இரண்டு தரப்பிலும் கேட்டுவிடுங்கள்.

ஒப்பந்தத்தில் இவை எழுத்தில் இருக்க வேண்டும்: சம்பளம் நாள் கணக்கா, எபிசோடு கணக்கா, ஒரு கால்ஷீட் எத்தனை மணி நேரம், மீறினால் எவ்வளவு, உங்களுக்கென ஒதுக்கிய நாள் ரத்தானால் பணம் உண்டா, டப்பிங்குக்குத் தனிச் சம்பளமா, படம் முடிந்தபின் பேட்ச் வேலைக்கு, அதாவது விடுபட்ட ஷாட்டுகளை எடுக்க, கூப்பிட்டால் எத்தனை நாள் வரை இலவசம். பெரும்பாலான மனக்கசப்பு இந்தக் கடைசி இரண்டில்தான் தொடங்குகிறது. டைட்டிலில் பெயரை எந்த எழுத்துக்கூட்டலில் போட வேண்டும் என்பதையும் அப்போதே கொடுத்துவிடுங்கள்.

கேள்வி: எப்போதும் போலீஸ் வேடம்தான் தருகிறார்கள். மாற என்ன வழி?

பதில்: போலீஸ் தொப்பி இல்லாத ஷோரீல் ஒன்று, அதாவது உங்கள் நடிப்பைக் காட்டும் தொகுப்பு வீடியோ, தயார் செய்யுங்கள். இரண்டு நிமிடத்துக்குள். முதல் ஷாட்டிலேயே உங்கள் முகம் வர வேண்டும். இசையும் வெட்டுத் துண்டுகளும் வேண்டாம். அரை நிமிடக் காட்சிகள் மூன்று, மூன்றும் வெவ்வேறு மனிதர்களாக இருக்கட்டும். படத்தில் அப்படிக் காட்சி கிடைக்கவில்லை என்றால் நண்பர்களை வைத்துப் புதிதாக எடுங்கள்.

கேள்வி: துணை வேடத்துக்கு ஆஸ்கர் விருது எப்போதிலிருந்து?

பதில்: 1936-ஆம் ஆண்டுப் படங்களிலிருந்து. முதலில் வென்ற நடிகர் வால்டர் பிரென்னன். 1938, 1940 படங்களுக்கும் அவரே வென்றார். அந்த மூன்று முறையும் அவர் கையில் கிடைத்தது முழுச் சிலை அல்ல, பட்டயத் தகடு. துணை நடிகர்களுக்கு முழுச் சிலை தரத் தொடங்கியது 1943-ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான். நியாயமே இல்லாத பாகுபாடு அது. அமெரிக்க நடிகை தெல்மா ரிட்டர் துணை வேடத்துக்காக 6 முறை பரிந்துரைக்கப்பட்டும் ஒருமுறைகூட வெல்லவில்லை. அவர் காட்சிகளில் அவர் பேசாத நேரங்களைக் கவனித்துப் பாருங்கள்.