புள்ளு எழும்பாமல் உருண்டு போகுதெண்டால்

கிட்டிப்புள்ளு விளையாட்டில அடிக்கிற சின்னத் தடியான புள்ளின்ர அடிப்பக்கத்தையும் சீவுங்கோ. நீட்டுத் தடியான கிட்டியால நுனியில தட்டத் தட்ட எழும்பாமல் உருளுது எண்டு எழுதியிருக்கிறியள். மேல்பக்கம் மட்டும் உளி மாதிரிச் சரிச்சிருப்பியள் போல. அப்ப நுனி நிலத்தோடை ஒட்டிக் கிடக்கும், தட்டுற அடி முழுக்க மண்ணுக்குள்ளதான் போகும். ரெண்டு முனையையும் பென்சில் சீவுற மாதிரிச் சுத்திவரச் சீவினால்தான் நுனி நிலத்தை விட்டுத் தூக்கி நிக்கும்.

சீமெந்து நிலத்தில வைச்சு ஒரு நுனியை விரலால அமத்திப் பாருங்கோ. மற்ற நுனி உடனே மேல வரவேணும். வராட்டில் இன்னும் கொஞ்சம் சீவுங்கோ.

அது சரியாயிருந்தும் எழும்பேல்லையெண்டால் நிலத்தைப் பாருங்கோ. முல்லைத்தீவுக் கடற்கரை மணல்ல ஆர் தட்டினாலும் எழும்பாது. வத்தின குளத்தடித் தரை, இறுகின செம்மண் நல்லம். (நாங்கள் சின்னனில கோடைக்குக் குளம் எப்ப வத்தும் எண்டு பாத்துக்கொண்டிருப்பம்.)

பச்சைத் தடியில செய்யாதேங்கோ, காய வெடிச்சுப் போகும். காய்ஞ்ச கொய்யா இல்லாட்டி வேம்பு எடுங்கோ. புள்ளு ஒரு சாணுக்குக் குறைவாயிருக்கட்டும்.

ஒண்டு மட்டும்: நுனியை ஊசியாக்காமல் மழுக்கி விடுங்கோ. பிடிக்க நிக்கிற பிள்ளையள் முன்னுக்கு ஓடி வருவினம், கண்ணில பட்டால் பார்வையே போயிடும்.