லென்ஸ் போன பிஎஸ்2-வை பென் டிரைவில் ஓட்டலாமா? கேள்வி பதில்

தக்கலையில் டிவியும் கேம் பெட்டியும் பழுது பார்ப்பது என் வேலை. இடவப்பாதி மழை பிடித்துவிட்டால் கடைக்கு வரிசையாக வந்து சேர்வது சோனியின் பிளேஸ்டேஷன் 2, அதாவது பிஎஸ்2-தான். "டிஸ்க் எடுக்க மாட்டேங்குது" என்பதுதான் எல்லார் வாயிலும். டிஸ்க்கைப் படிக்கிற லென்ஸ் நல்லதாக இப்போது கிடைப்பது அரிது. கிடைத்து மாட்டினாலும் நெடுநாள் நிற்பதில்லை. அதனால் சொந்த டிஸ்க்கை நகலெடுத்து பென் டிரைவிலோ ஹார்டு டிஸ்க்கிலோ வைத்து ஓட்டுவது பற்றி என்னிடம் கேட்டவர்களுக்கெல்லாம் சேர்த்து இங்கே பதில் எழுதுகிறேன். கேட்டவர்களின் ஊரை மட்டும் போட்டிருக்கிறேன்.

கருங்கல்: அண்ணே, அப்பா 2006-ல சவூதியில இருந்து கொண்டு வந்த ஸ்லிம் பிஎஸ்2 எனக்க வீட்டுல கெடக்கு. லென்ஸ் போச்சுன்னு ரெண்டு கடையில சொல்லிட்டாவ. ஆக்கர்காரனுக்குப் போட்டுரவா?

பழைய சாமான்காரனுக்குப் போட்டுவிடாதே தம்பி. லென்ஸ் ஒரு உறுப்புதான், பெட்டியின் உயிர் அதில் இல்லை. யூஎஸ்பி வழியாக கேம் ஓடும்போது லென்ஸுக்கு வேலையே கிடையாது. மதர்போர்டு நன்றாக இருந்து, திரையில் சோனி மெனு வந்தால் போதும்.

உனக்கு மூன்று பொருள் வேண்டும். முதலாவது ஒரு 8 எம்பி மெமரி கார்டு. அதில் ஃப்ரீ மெக்பூட் என்ற நிரலை ஏற்ற வேண்டும். கார்டைச் செருகி பெட்டியை ஆன் செய்தால், சோனி மெனுவிலேயே புதிதாகச் சில வரிகள் சேர்ந்து நிற்கும். இரண்டாவது ஓபிஎல். ஓபன் பிஎஸ்2 லோடர் என்பதன் சுருக்கம் அது. பென் டிரைவில் இருக்கும் நகலை, டிஸ்க்கே உள்ளே சுற்றுவது போல கேமுக்குக் காட்டுவது இதுதான். மூன்றாவது பென் டிரைவ்.

கார்டில் ஏற்றுவது எப்படி என்பதில்தான் பலரும் சிக்கிக்கொள்கிறார்கள். லென்ஸ் உயிரோடு இருந்தால் ஃப்ரீடிவிடிபூட் என்ற வழி உண்டு. 2020-ல் வந்தது. பெட்டிக்குள் இருக்கும் டிவிடி பிளேயர் நிரலின் ஓட்டை வழியாக நுழைகிற தந்திரம் அது. சாதாரண டிவிடி-ஆர் ஒன்றில் எழுதிப் போட்டால் போதும். உன் பெட்டியில் லென்ஸ் இல்லை. ஆகவே ஏற்கெனவே மெக்பூட் கார்டு வைத்திருக்கும் யாரிடமாவது ஒரு மணி நேரம் இரவல் வாங்கு. அவர் கார்டை ஒரு துளையில் போட்டு பெட்டியை ஆன் செய், உன் கார்டை இன்னொரு துளையில் போடு, ஏற்றும் நிரலை பென் டிரைவிலிருந்து ஓட்டு. யாரும் அகப்படவில்லை என்றால் கடைக்கு வா, என் கார்டு தருகிறேன்.

மார்த்தாண்டம்: எனக்குள்ளது 90000 வரிசை ஸ்லிம். மெக்பூட் கார்டு போட்டாலும் ஒண்ணும் வரல்ல. கார்டு மோசமா?

கார்டு சரியாகத்தான் இருக்கும். பெட்டியைக் கவிழ்த்து, மாடல் எண்ணும் தேதிக் குறியும் உள்ள ஸ்டிக்கரைப் பாருங்கள். 90000 வரிசையின் பிந்தைய பெட்டிகளில் சோனி அந்த வழியையே அடைத்துவிட்டது. 8சி என்று தேதிக் குறி இருந்தால் மெக்பூட் திறக்கவும் செய்யலாம், திறக்காமலும் போகலாம். அதற்கு மேற்பட்ட குறி என்றால் மெக்பூட்டை மறந்துவிடுங்கள். அவற்றுக்கு ஓபன்டூனா என்று வேறொரு நிரல் இருக்கிறது. அதையும் மெமரி கார்டில்தான் ஏற்றவேண்டும், ஆனால் தானாகத் திறக்காது. பெட்டியை ஆன் செய்து, சோனி மெனுவில் இருக்கும் பிரவுசருக்குள் போய் அந்த மெமரி கார்டைத் தேர்ந்தால்தான் திறக்கும். அதைத் தவிர உங்களுக்கு ஒரு குறையும் இல்லை.

நாகர்கோவில், வடசேரி: நல்ல விலை கொடுத்து யூஎஸ்பி 3 பென் டிரைவ் வாங்கினேன் அண்ணா. அப்படியும் கேமில் இடையிடையே வரும் படம் திக்கித் திக்கி ஓடுகிறது. டூப்ளிகேட் டிரைவா?

இந்தக் கேள்விக்கு நின்று பதில் சொல்ல வேண்டும். இது தெரியாமல் காசைக் கரைத்தவர்களை நிறையப் பார்த்துவிட்டேன்.

உங்கள் பென் டிரைவில் குற்றமில்லை. பிஎஸ்2 ஜப்பானில் வெளிவந்தது 2000-ல். அதில் இருக்கும் யூஎஸ்பி துளை 1.1 வகை. காகிதக் கணக்கிலேயே நொடிக்கு 12 மெகாபிட், அதாவது ஒன்றரை மெகாபைட். நடைமுறையில் ஒரு மெகாபைட்டை ஒட்டியே நிற்கும். உள்ளே இருக்கும் டிவிடி டிரைவோ 4 மடங்கு வேகத்தில் நொடிக்கு 5 மெகாபைட்டுக்கு மேல் படிக்கக்கூடியது. கேமை உருவாக்கியவர்கள் அந்த ஐந்தை நம்பித்தான் உருவாக்கினார்கள். நாம் ஐந்து இஞ்சுக் குழாயில் வரவேண்டிய தண்ணீரை ஒரு இஞ்சுக் குழாயில் விடுகிறோம். மோட்டாரை மாற்றி என்ன பயன்?

எல்லா கேமும் திக்காது. ஒரு கட்டத்தை மொத்தமாக ஏற்றிக்கொண்டு பிறகு ஓடுகிற சண்டை கேம், கிரிக்கெட் எல்லாம் பெரும்பாலும் நன்றாகவே ஓடும். ஊரைச் சுற்றிக்கொண்டே இருக்கிற கேம்கள்தான் மூச்சு வாங்கும், வண்டி முன்னே போய்விடும், சாலை பின்னால் வந்து சேரும். ஓபிஎல்லில் கேமின் அமைப்புக்குள் மோடு 1 முதல் 6 வரை இருப்பதைப் பார்த்திருப்பீர்கள். சில கேம்களுக்கு அதில் ஒன்றிரண்டு உதவும். நான்காவது மோடு இடைப்படங்களைத் தாண்டிவிடும். கதையே வேண்டாம் என்பவர்களுக்கு அது போதும். எனக்கு மனம் ஒப்பாது.

என் யோசனை: ஸ்லிம் வைத்திருப்பவர்கள் பின்பக்கத்து நெட்வொர்க் துளையைப் பயன்படுத்துங்கள். அது 100 மெகாபிட் துளை. அதைப் பற்றிக் கீழே சொல்கிறேன். அதற்கு வசதியில்லை என்றால் எம்எக்ஸ்4எஸ்ஐஓ என்று மெமரி கார்டு துளையில் செருகுகிற சின்ன அட்டை கிடைக்கிறது. மைக்ரோ எஸ்டி கார்டைப் போட்டு ஓட்டலாம். யூஎஸ்பியை விட வேகம். ஓபிஎல்லின் புதிய பதிப்பு இருக்க வேண்டும்.

குலசேகரம்: என் டிஸ்க் 4 ஜிபிக்கு மேல். காப்பி பண்ணும்போது கம்ப்யூட்டர் "ஃபைல் பெரிசு" என்கிறது.

டிரைவ் ஃபேட்32 முறையில் இருக்கிறது. அதில் ஒரு கோப்பு 4 ஜிபியைத் தாண்ட முடியாது. இரண்டு வழி: யூஎஸ்பியூடில் என்ற நிரலால் ஒவ்வொரு ஜிபியாக வெட்டி ஏற்றலாம், அல்லது ஓபிஎல்லின் புதிய பதிப்புக்கு மாறி டிரைவை எக்ஸ்ஃபேட்டாக ஃபார்மட் செய்யலாம். எக்ஸ்ஃபேட்தான் நிம்மதி. எதுவானாலும் டிரைவைப் பிரிக்கும் (பார்ட்டிஷன்) முறை எம்பிஆர் ஆக இருக்கட்டும், ஜிபிடி வேண்டாம். வெள்ளி நிற டிஸ்க்கின் நகலை டிவிடி என்ற கோப்புறையிலும், அடிப்பக்கம் நீலமாக இருக்கும் டிஸ்க்கின் நகலை சிடி என்ற கோப்புறையிலும் போடுங்கள். கோப்புறைப் பெயர்களை ஆங்கிலப் பெரிய எழுத்தில் எழுதவேண்டும்.

மண்டைக்காடு: நேத்து வரை ஓடின கேம் இன்னைக்கு "துண்டு துண்டாக இருக்கிறது" என்ற மாதிரி ஒரு எச்சரிக்கையோட நிக்கி.

பழைய கேமை அழித்துவிட்டு அந்த இடத்தில் புதியதை ஏற்றியிருப்பீர்கள். காலியான இடம் ஒரே நீளமாக இல்லாததால் கோப்பு அங்கங்கே சிதறிக் கிடக்கிறது. எல்லாவற்றையும் கம்ப்யூட்டரில் எடுத்து வைத்துக்கொண்டு, டிரைவை ஃபார்மட் செய்து, ஒவ்வொன்றாகத் திரும்ப ஏற்றுங்கள். ஒரே நேரத்தில் இரண்டு காப்பி ஓட விடாதீர்கள்.

இரணியல்: நெட்வொர்க் கேபிள் வழி எப்படி? வீட்டில் ஆபீஸ் லேப்டாப் இருக்கிறது, அதில் செய்யலாமா?

ஆபீஸ் லேப்டாப்பைத் தொடாதீர்கள். கேபிள் வழியாகக் கோப்புகளை வாங்க ஓபிஎல் பேசுவது எஸ்எம்பி பதிப்பு 1 என்கிற பழைய மொழி. 2017-ல் உலகம் முழுக்க கம்ப்யூட்டர்களை முடக்கிய வான்னாக்ரை என்ற தீய நிரல் நுழைந்தது அந்த மொழியில் இருந்த ஓட்டை வழியாகத்தான். அதனால்தான் புதிய விண்டோஸில் அது அணைத்தே வருகிறது. வேலைக் கோப்புகள் இருக்கும் கம்ப்யூட்டரில் அதைத் திறந்து வைப்பது வாசலைத் திறந்து போட்டுத் தூங்குவதுதான்.

பரணில் கிடக்கும் பழைய லேப்டாப்போ, ராஸ்பெரி பை போன்ற சின்னக் கணினியோ போதும். அதில் லினக்ஸும் அந்த மொழி பேசும் சாம்பா நிரலும் போட்டு, நகல்கள் உள்ள ஹார்டு டிஸ்க்கை மாட்டி, கேபிளை நேராக பிஎஸ்2-க்குக் கொடுங்கள். இணையத்தோடு சேர்க்கவே வேண்டாம். இரண்டு பக்கமும் ஐபி எண்ணைக் கையால் போடவேண்டும். பெட்டிக்கு 192.168.1.10, கணினிக்கு 192.168.1.2 என்று வைத்தால் சரியாக வரும். இந்த வழியில் ஓட்டிய பிறகு ஒருவரும் பென் டிரைவுக்குத் திரும்பிப் போனதை நான் பார்த்ததில்லை.

திங்கள்சந்தை: என்னிடம் பழைய பெரிய மாடல். பின்னால் ஒரு பெரிய அறை காலியாக இருக்கிறது.

கொடுத்து வைத்தவர் நீங்கள். அது ஹார்டு டிஸ்க்குக்கென்றே விட்ட அறை. 30000 முதல் 50000 வரையான வரிசைகளில் உண்டு. சோனியின் நெட்வொர்க் அடாப்டரை மாட்டி, பழைய ஐடிஇ வகை டிஸ்க்கோ, மாற்றுப் பலகையோடு புதிய சாட்டா வகை டிஸ்க்கோ உள்ளே தள்ளினால் டிவிடியை விட வேகமாக ஓடும். 2 டிபி வரை போகலாம்.

ஒரே ஒரு எச்சரிக்கை. அந்த டிஸ்க் பிஎஸ்2-க்கே உரிய முறையில் ஃபார்மட் ஆகியிருக்கும். விண்டோஸில் மாட்டியதும் "ஃபார்மட் செய்யவா?" என்று கேட்கும். வேண்டாம் என்று மூடுங்கள். பல வருஷத்துக்கு முன்பு ஒரு பையனின் டிஸ்க்கில், பேசிக்கொண்டே நான் சரி என்று அழுத்திவிட்டேன். அவன் ஒரு கோடை விடுமுறை முழுக்க உட்கார்ந்து ஏற்றிய நகல்கள். அவன் ஒன்றும் சொல்லவில்லை, டிஸ்க்கை வாங்கிக்கொண்டு போனான். அன்றிலிருந்து அடுத்தவர் டிஸ்க்கை மாட்டும்போது நான் யாரோடும் பேசுவதில்லை.

களியக்காவிளை: சேட்டா, நூறு கேம் நிறைச்ச பென் டிரைவ் போட்டுத் தருவீங்களா? எவ்வளவு ஆகும்?

தர மாட்டேன் தம்பி. கோபம் வேண்டாம், காரணம் சொல்கிறேன். நம் நாட்டின் 1957-ம் வருஷத்துப் பதிப்புரிமைச் சட்டத்தில் 52-ம் பிரிவு, முறையாகக் கையில் வைத்திருக்கும் கணினி நிரல் தொலைந்தோ சேதமாகியோ போகாதபடி காப்புக்காக ஒரு நகல் எடுத்துக்கொள்ள இடம் கொடுக்கிறது. நம்முடைய எல்லை அதுதான். உன் டிஸ்க்கைக் கொண்டு வா, உன் கண் முன்னாலேயே நகலெடுத்துத் தருகிறேன். டிஸ்க்கை விற்றால் நகலையும் அழித்துவிடு.

குளச்சல்: கேமை சேவ் பண்ண மெமரி கார்டும் பென் டிரைவுக்குள்ளேயே வைக்கலாம்னு சொல்லுதாவ. சரியா?

வைக்கலாம். விஎம்சி என்று ஓபிஎல்லில் இருக்கிறது. 8 எம்பி கார்டு போலவே ஒரு கோப்பு. ஆனால் காற்றடித்தால் கரண்ட் போகிற ஊர் நம்முடையது. எழுதிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போனால் மொத்தக் கோப்பும் கெடலாம். நாற்பது மணி நேரம் ஆடிய கேமை அதில் நம்பி வைக்காதீர்கள். அசல் 8 எம்பி கார்டில் சேமித்து, மாதம் ஒருமுறை யூலாஞ்ச்எல்ஃப் என்ற கோப்பு நிரல் மூலம் பென் டிரைவுக்குப் பிரதி எடுங்கள். ஒரு கடையில் வாங்கிய 128 எம்பி கார்டில் என் மகளுடைய சேவ் முழுவதும் ஒரே ராத்திரியில் போனது. பெரிய கார்டு என்றாலே எனக்குப் பயம்.

மணவாளக்குறிச்சி: எனக்க தம்பிக்கு 2009-ல வாங்கின கபடி, கில்லி எல்லாம் உள்ள தேசி அட்டா டிஸ்க் கெடக்கு அண்ணே. அவன் இப்பம் வெளிநாட்டுல. லீவுக்கு வரும்போ காட்டணும். அடியில வெள்ளையா பூத்துப் போச்சு. கம்ப்யூட்டரு பாதியில நின்னுருது.

அக்கா, அது உப்பும் பூஞ்சையும். வெளிச்சத்தில் சாய்த்துப் பிடித்துப் பாருங்கள். சிலந்தி வலை மாதிரி மெல்லிய கிளைகள் நடுவிலிருந்து ஓடும், விளிம்பில் மாவு தூவினது போல இருக்கும். கடலோர வீடுகளிலிருந்து வருகிற பத்து டிஸ்க்கில் நாலைந்து இப்படித்தான் வருகின்றன. பூத்தது மேல் பிளாஸ்டிக்கில் மட்டும் என்றால் போகும். அழுத்தித் தேய்க்க வேண்டாம். வெதுவெதுப்பான தண்ணீரில் ஒரு சொட்டு பாத்திரம் கழுவும் திரவம் விட்டு, விரல் நுனியால் நடுத்துளையிலிருந்து விளிம்புக்கு நேர்க்கோட்டில் தடவுங்கள். வட்டமாகத் தேய்த்தால் விழுகிற கீறல் தகவலோடு சேர்ந்தே ஓடும், அப்புறம் படிக்கவே படிக்காது. நல்ல தண்ணீரில் அலசி, பழைய பருத்தி வேட்டித் துணியால் ஒற்றி எடுங்கள். படம் அச்சிட்ட மேல்பக்கத்தை நகத்தால்கூடச் சுரண்டாதீர்கள், சிடி என்றால் தகவல் அந்தப் பக்கத்துக்கு அடியில்தான் இருக்கிறது.

காய்ந்த பிறகு கம்ப்யூட்டர் டிரைவில் போட்டு, இம்ஜ்பர்ன் நிரலில் படிக்கும் வேகத்தைக் குறைத்து, டிஸ்க்கின் முழு நகலான ஐஎஸ்ஓ கோப்பாக எடுத்துப் பாருங்கள். ஒரு டிரைவ் படிக்காததை இன்னொரு டிரைவ் படிக்கும், இதைப் பல தடவை பார்த்திருக்கிறேன். அப்படியும் நின்றுவிட்டால் டிஸ்க்கை எடுத்துக்கொண்டு கடைக்கு வாருங்கள். வெவ்வேறு கம்பெனி டிரைவ் மூன்று வைத்திருக்கிறேன். தம்பி வருகிற தேதியை மட்டும் முன்னாலேயே சொல்லிவிடுங்கள்.