விக்டர் ஷோஸ்த்ரோம்: கேளுங்கள், தெரிந்ததைச் சொல்கிறேன்

ஸ்வீடனின் பேசாப்பட நடிகர், இயக்குநர் விக்டர் ஷோஸ்த்ரோம் (1879-1960) பற்றி எது வேண்டுமானாலும் கேளுங்கள். ஒரே ஒரு வேண்டுகோள். நொடிக்கு 16, 18 சட்டகம் (ஃபிரேம்) என்று கையால் சுழற்றி எடுத்த படத்தை 24ல் ஓட்டும் பிரதியில் பார்த்துவிட்டு, அசைவெல்லாம் வேகமாகத் தெரிவதை "ஓவர் ஆக்டிங்" என்று வந்து நிற்காதீர்கள்.

கடைசிபெஞ்ச்: நாடக நடிகர் எப்படி இயக்குநர் ஆனார்?

1912ல் ஸ்வென்ஸ்கா பியோ படநிறுவனத்தின் தலைவர் சார்லஸ் மாக்னுசன் அழைத்தார். இன்னொரு பெரிய இயக்குநர் மோரிட்ஸ் ஸ்டில்லரும் அதே ஆண்டுதான் வந்தார். ஷோஸ்த்ரோமின் முதல் முயற்சிகளில் ஒன்றை ஸ்வீடன் தணிக்கைக்குழு தடை செய்தது. அடுத்த ஆண்டே 'இங்கபோர்க் ஹோல்ம்' படம். கணவனை இழந்தவள், கடை நொடித்துப் போகிறது, ஏழைகள் விடுதிக்குப் போகிறாள். பிள்ளைகளை ஆளுக்கொரு வீட்டுக்கு அனுப்பிவிடுகிறார்கள். மகன் விடைபெற்றுக் கிளம்பும்போது அவள் கதவோரம் ஒளிந்துகொள்கிறாள், நமக்கு முதுகுதான் தெரிகிறது. முகத்தைக் காட்டி அழவைக்க வேண்டிய இடத்தில் முதுகு! நடிகருக்கு எப்போது சும்மா இருக்கவேண்டும் என்று தெரிந்த ஒருவர்தான் அப்படி வைக்க முடியும். படம் வந்தபிறகு ஏழைகளுக்கான சட்டம் பற்றி நாட்டில் பெரிய விவாதமே நடந்தது.

மாலைக்காட்சி: படங்களை எங்கே பார்ப்பது?

மீட்டெடுத்த டிவிடி, ப்ளூ-ரே பிரதிகள் இருக்கின்றன. வேகத்தைக் கவனியுங்கள்.

டெண்டுக்கொட்டாய்: 'ஃபேண்டம் கேரியேஜ்' (ஆவி வண்டி) படத்தில் ஆவி எப்படி ஊடுருவித் தெரிகிறது? அப்போது கம்ப்யூட்டரே கிடையாதே.

இந்தக் கேள்விக்குத்தான் காத்திருந்தேன். ஸ்வீடன் எழுத்தாளர் செல்மா லாகர்லாஃபின் நாவல், படம் 1921 புத்தாண்டன்று வெளியானது. ஒளிப்பதிவு யூலியஸ் யென்சான். எல்லாமே கேமராவுக்குள்ளேயே செய்தது. முதலில் அறையை எடுப்பார்கள். பிலிமை அதே சட்டகம் வரை பின்னால் சுற்றி, இருட்டுப் பின்னணியில் ஆவியை மட்டும் அதே பிலிமில் மறுபடி எடுப்பார்கள். கை சுழற்றும் வேகம் இரண்டு முறையும் ஒத்துப்போக வேண்டும். ஆவி மேசைக்குப் பின்னால் போனால் மேசை அதை மறைக்க வேண்டும், வெளிச்சத்தை அதற்கேற்ப அமைக்க வேண்டும். சில சட்டகங்களில் மூன்று, நான்கு முறைகூடப் பதிவு செய்திருக்கிறார்கள். ஒரு தடவை பிசகினால் முன்பு எடுத்ததும் சேர்ந்து போச்சு. இத்தனைக்கும் நடுவில் குடிகாரன் டேவிட் ஹோல்மாக நடித்ததும் இயக்குநரேதான்.

கடைசிபெஞ்ச்: அப்போ இந்தப் படத்தில் கோடாரியால் கதவை உடைக்கும் காட்சியை குப்ரிக்கின் 'தி ஷைனிங்' திருடியதா?

வந்துவிட்டதா! ஒத்திருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் 'திருட்டு' என்று சொல்ல ஆதாரம் வேண்டும்.

முறுக்கு: அப்பட்டமான காப்பி சார். சட்டகத்துக்குச் சட்டகம்.

இல்லை. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தீர்களா? டேவிட் ஹோல்ம் காச நோயாளி, பிள்ளைகளுக்குத் தொற்றிவிடும் என்றுதான் மனைவி கதவைப் பூட்டுகிறாள். கதவை உடைத்துக்கொண்டு வந்தால் அவள் மயங்கிக் கிடக்கிறாள். உடனே தண்ணீர் கொண்டுவந்து தெளியவைக்கிறான், தெளிந்ததும் திட்டுகிறான். கொடுமையும் பதற்றமும் ஒரே ஆளிடம். 1980ல் வந்த 'தி ஷைனிங்' படத்தில் அந்தத் தண்ணீர் கிடையாது.

முறுக்கு: கதவு, கோடாரி, மனைவி. இதற்கு மேல் என்ன வேண்டும்?

அப்படிப் பார்த்தால் ஷோஸ்த்ரோமையே திருடர் என்று சொல்லுங்கள். 1919ல் அமெரிக்க இயக்குநர் கிரிஃபித்தின் 'புரோக்கன் பிளாசம்ஸ்' படத்தில் அலமாரி அறைக்குள் நடிகை லில்லியன் கிஷ் சிக்கிக்கொள்ள, அப்பன் கோடாரியால் கதவைப் பிளக்கிறான். அந்த கிஷ்தான் பின்னால் 'ஸ்கார்லெட் லெட்டர்' (1926) படத்துக்கு ஷோஸ்த்ரோமே இயக்கவேண்டும் என்று கேட்டு வாங்கினார். 1928ல் 'தி விண்ட்' படத்திலும் அவர்தான் நாயகி. மொஹாவி பாலைவனத்தில் விமானப் புரொப்பெல்லர்களை ஓடவிட்டு மணலை அவர் முகத்தில் அடித்தார்கள். கோடாரியை விட அந்தக் காற்றைப் பற்றிக் கேளுங்களேன்.

பழையகாகிதம்: பெயரை எப்படிச் சொல்வது? அமெரிக்காவில் சீஸ்ட்ரம் என்கிறார்களே.

1923ல் ஹாலிவுட் போனபோது வாய்க்கு வசதியாக மாற்றிவிட்டார்கள். ஸ்வீடனில் ஷோஸ்த்ரோம்.

மாலைக்காட்சி: எங்கே பார்க்கலாம்?

மேலே சொன்னேன்.

பழையகாகிதம்: 'டாக்டர் காலிகரி' பேசாப்படம் பற்றி?

அது ஜெர்மன்காரர்கள் சமாச்சாரம். எனக்கு வேண்டாம்.

டெண்டுக்கொட்டாய்: நடிகை கிரேட்டா கார்போவை வைத்து எடுத்த படம் கிடைக்குமா?

'தி டிவைன் வுமன்' (1928). சுமார் ஒன்பது நிமிடம்தான் மிஞ்சியது, அதுவும் மாஸ்கோவில் கிடைத்தது.

கடைசிபெஞ்ச்: பேசும்படம் வந்தபிறகு?

1930ல் ஊர் திரும்பினார். கடைசியாக இயக்கியது 1937ல், இங்கிலாந்தில். நாற்பதுகளில் ஸ்வென்ஸ்க் ஃபில்ம்இண்டஸ்ட்ரி படநிறுவனத்தில் கலைப் பொறுப்பாளர். அங்கேதான் இளம் இயக்குநர் இங்மர் பெர்க்மன் முதல் படத்தில் திணறியபோது அருகில் நின்று புத்தி சொன்னார். பெர்க்மன் பிறகு அவரை 'வைல்ட் ஸ்ட்ராபெர்ரீஸ்' (1957) படத்தில் கிழ மருத்துவராக நடிக்க வைத்தார். மாலையில் நேரத்தோடு வீட்டுக்குப் போய் விஸ்கி குடிக்கவேண்டும், அதுதான் கிழவரின் நிபந்தனையாம். கடைசிக் காட்சியில் அந்த முகத்தைப் பாருங்கள். 1913ல் 'இங்கபோர்க் ஹோல்ம்' படத்தில் முகத்தைக் காட்டாமல் மறைத்தவர், எழுபதைத் தாண்டியபிறகு அப்படியே திறந்து காட்டுகிறார்.

முறுக்கு: எல்லாம் சரி சார், கோடாரி விஷயம்...

படத்தை முழுசாகப் பார்த்துவிட்டு வாங்க. 24ல் ஓடும் பிரதி வேண்டாம்.