பிரேத பரிசோதனை அறிக்கையும் கண்கண்ட சாட்சியும் ஒத்துப்போகாவிட்டால் மேன்முறையீட்டில் என்ன நடக்கும்?

மூதூரிலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார். கடற்கரையில் வலை இழுக்கும் இடத்தில் வாய்த்தர்க்கம் முற்றி ஒருவர் வெட்டுண்டு இறந்த வழக்கில், திருகோணமலை மேல் நீதிமன்றம் சென்ற வாரம் இந்த வாசகியின் தம்பிக்கு மரண தண்டனை விதித்திருக்கிறது. கண்கண்ட சாட்சி ஒருவர் மட்டுமே. தம்பி எதிரே நின்று ஒரு தடவை வெட்டியதாக அவர் சொன்னார். பிரேத பரிசோதனை அறிக்கையிலோ வெட்டுக்காயம் வலது காதின் பின்புறம் தொடங்கிப் பிடரி வரை செல்கிறது. "இந்த முரண்பாடு ஒன்றே விடுதலைக்குப் போதாதா?" என்று கேட்கிறார்.

முதலில் நாட்கணக்கு. 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 331ஆம் பிரிவின்படி மேன்முறையீட்டு மனுவை 14 நாட்களுக்குள் கொடுத்துவிட வேண்டும். மறியலில் இருப்பவர் சிறைச்சாலை அதிகாரிகள் ஊடாகவே அதைக் கொடுக்கலாம் என்பதால், சட்டத்தரணிக்குப் பணம் புரட்டும் வரை காத்திருக்காதீர்கள்.

'சாட்சி ஒருவர்தானே' என்ற வாதம் எடுபடாது. எந்த விடயத்தையும் நிரூபிக்க இத்தனை சாட்சிகள் வேண்டும் என்ற கட்டாயம் இல்லை என்று சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 134ஆம் பிரிவு தெளிவாகவே சொல்கிறது.

காயத்தின் இடம் பற்றிய வாதத்துக்கு உயிர் இருக்கிறது, ஆனால் நீங்கள் நினைக்கும் அளவுக்கு அல்ல. சட்ட வைத்திய அதிகாரி நிபுணர் என்ற முறையில் அபிப்பிராயம் சொல்கிறார். அந்த அபிப்பிராயம் சாட்சி சொன்ன விதத்தில் காயம் ஏற்பட வாய்ப்பே இல்லை என்ற அளவுக்குப் போனால்தான் நம்பத்தகுந்த கண்கண்ட சாட்சியம் சாயும் என்பதே இங்கும் இந்தியாவிலும் நீதிமன்றங்கள் பொதுவாகப் பின்பற்றும் அளவுகோல். வெட்டு விழும்போது யாரும் தூண் மாதிரி நிற்பதில்லை. கத்தியைக் கண்டவர் தலையைத் திருப்பினாலே எதிரிலிருந்து வந்த வெட்டு பிடரியில் விழலாம்.

ஆகவே வழக்கேட்டின் உறுதிப்படுத்திய பிரதியை எடுத்து, வைத்தியரைக் குறுக்கு விசாரணை செய்த பக்கங்களைத் தேடுங்கள். எதிரே நின்றவர் இந்தக் காயத்தை ஏற்படுத்தியிருக்க முடியுமா என்று அவரிடம் கேட்கப்பட்டதா? காயத்தின் எந்த முனை ஆழமானது என்றாவது கேட்கப்பட்டதா? இழுத்து வெட்டிய காயம் தொடங்கிய இடத்தில் ஆழமாகவும் முடியும் இடத்தில் மேலோட்டமாகவும் இருப்பது வழமை என்பதால், அந்தப் பதில் வெட்டு வந்த திசையைக் காட்டக்கூடும். வைத்தியர் "முடியாது" என்று சொல்லியிருந்து, தீர்ப்பு அதற்குக் காரணம் கூறாமல் கடந்து போயிருந்தால் அதுவே உங்கள் பலமான நியாயம். "திரும்பியிருந்தால் முடியும்" என்றிருந்தால் அந்த வாதம் அநேகமாக முடிந்தது. கேள்வியே கேட்கப்படாவிட்டால், மேன்முறையீட்டு நீதிமன்றம் வைத்தியரை மறுபடி அழைத்துக் கேட்கும் என்று எதிர்பார்க்க வேண்டாம். நான் புரட்டிய வழக்கேடுகளில் இந்த இடம்தான் அடிக்கடி வெறுமையாக இருந்திருக்கிறது.

சாட்சியை நேரில் பார்த்த நீதிபதியின் மதிப்பீட்டை மேன்முறையீட்டு நீதிமன்றம் இலகுவில் மாற்றாது. ஆனால் இடமாற்றங்களால் சாட்சியத்தை ஒருவர் கேட்டு, தீர்ப்பை இன்னொருவர் எழுதுவதும் எங்கள் நீதிமன்றங்களில் உண்டு. அப்படியானால் அந்த மதிப்பீட்டுக்குக் கிடைக்கும் மரியாதை வெகுவாகக் குறையும். திகதிகளைப் பாருங்கள்.

உங்கள் கடிதத்தில் நான் அதிகம் கவனித்தது 'வாய்த்தர்க்கம்', 'ஒரு தடவை' என்ற சொற்களைத்தான். முன்யோசனையின்றித் திடீரென மூண்ட சண்டையில், ஆத்திர வேகத்தில், அநியாய அனுகூலமோ கொடூரமோ இல்லாமல் நடந்தது என்று சாட்சியத்திலிருந்தே காட்ட முடிந்தால், தண்டனைச் சட்டக்கோவையின் 294ஆம் பிரிவிலுள்ள 4ஆவது விதிவிலக்கின் கீழ் இது கொலையாகாத கைமோசக் கொலையாக, அதாவது கொலையைவிடக் குறைந்த குற்றமாக, மாறலாம். 297ஆம் பிரிவின்படி உச்ச தண்டனை, கொல்லும் எண்ணம் இருந்திருந்தால் 20 ஆண்டுகள், மரணம் ஏற்படலாம் என்ற அறிவு மட்டும் இருந்திருந்தால் 10 ஆண்டுகள். தம்பி வீட்டுக்குப் போய்க் கத்தி எடுத்து வந்தார் என்று சாட்சியம் இருந்தால் இந்த வாதம் மிகவும் பலவீனமாகிவிடும். கத்தி எங்கிருந்து வந்தது என்று வழக்கேட்டில் எழுதியிருக்கும் பக்கத்தையும் அடையாளமிட்டு, கொழும்பு புதுக்கடையிலுள்ள மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் வாதாடப்போகும் சட்டத்தரணியிடம் கொடுங்கள்.