நிறுவனம் கைவிட்ட ரோபோவுக்கு மறுவாழ்வு உண்டா?

கேள்வி: ஆறு ஆண்டுகளுக்கு முன் வாங்கிய எங்கள் ரோபோ வேக்குவம் கிளீனரின் மோட்டாரும் பிரஷ்ஷும் நன்றாகவே இருக்கின்றன. தயாரிப்பாளர் சர்வரை நிறுத்திவிட்டதால் மொபைல் செயலி மட்டும் வேலை செய்யவில்லை. பொத்தானை அழுத்தினால் ஓடுகிறது. மென்பொருளை மாற்றி இன்னும் சில ஆண்டுகள் பயன்படுத்த முடியுமா?
– வாசகர் ஒருவர்

பதில்: அதை உங்கள் ரோபோவின் மாடல் எண்தான் தீர்மானிக்கும்.

இத்தகைய ரோபோக்கள் பலவற்றுக்குள் இருப்பது லினக்ஸ் என்ற இலவச இயங்குதளத்தில் இயங்கும் ஒரு சிறு கணினி. ஷியோமியின் முதல் ரோபோவுக்குள் லினக்ஸின் ஒரு வகையான உபுண்டு 14.04 ஓடுவதை, 2017 டிசம்பரில் ஜெர்மனியின் லைப்சிக் நகரில் நடந்த கேயாஸ் கம்யூனிகேஷன் காங்கிரஸ் என்ற ஹேக்கர்கள் மாநாட்டில் டென்னிஸ் கீசே, டேனியல் வெகமெர் என்ற இரு ஆய்வாளர்கள் விளக்கினார்கள். லேசரால் அறையை அளந்து வழி கண்டுபிடிக்கும் வேலை அந்தக் கணினியிலேயே நடப்பதால், அத்தகைய மாடல்களில் சர்வர் என்பது பெரும்பாலும் செயலிக்கும் ரோபோவுக்கும் நடுவே நிற்கும் தூதுவர்தான்.

அந்தத் தூதுவரின் வேலையை ரோபோவுக்குள்ளேயே செய்து முடிக்கும் இலவச மென்பொருள் வலெடூடோ. (ரோமானியரின் ஆரோக்கிய தேவதையின் பெயர், பொருத்தம்தான்.) பலர் நினைப்பதுபோல் அது ரோபோவின் மூளையை மாற்றுவதில்லை, பழைய மென்பொருள் அப்படியே ஓட, வரைபடமும் கட்டளைகளும் உங்கள் வீட்டு வைஃபையிலேயே, போனின் பிரவுசரில் கிடைக்கும். வெளியூரிலிருந்து இயக்க வேண்டுமானால் அதற்கு நீங்களே தனி ஏற்பாடு செய்துகொள்ள வேண்டும்.

சிக்கல் இனிமேல்தான். ரோபோராக், ட்ரீமி போன்ற சில நிறுவனங்களின் குறிப்பிட்ட மாடல்களில் மட்டுமே அது இயங்கும். தாய் நிறுவனமான வோர்வெர்க் 2023-இல் மூடிய நியேட்டோவின் ரோபோக்கள் அந்தப் பட்டியலில் இல்லை. பட்டியலில் உள்ளவற்றையும் முதலில் ரூட் செய்தாக வேண்டும், அதாவது உள்ளிருக்கும் கணினியின் முழுக் கட்டுப்பாட்டையும் உங்கள் கைக்குக் கொண்டுவர வேண்டும். ஷியோமியின் பழைய ரோபோக்களுக்கு வைஃபையே போதுமானதாக இருந்தது. ட்ரீமியின் பல மாடல்களிலோ மேல்மூடியைக் கழற்றி, அடியில் உள்ள பின்களில் 3.3 வோல்ட் யுஎஸ்பி சீரியல் அடாப்டரை (ரோபோவையும் உங்கள் கணினியையும் இணைக்கும் சிறு கருவி) இணைத்து, லினக்ஸ் கட்டளைகளைப் பிழையின்றித் தர வேண்டும். 5 வோல்ட் கொடுத்தாலோ இடையில் மின்சாரம் போனாலோ, இப்போது பொத்தானுக்காவது ஓடும் ரோபோ அதற்கும் ஓடாமல் போகலாம்.

மேலும், ஆறு ஆண்டு உழைத்த லித்தியம் அயனி பேட்டரியை எந்த மென்பொருளும் இளமையாக்காது. ஆகவே முதலில் உங்கள் மாடலுக்குப் புதிய பேட்டரியும் ஃபில்டரும் கிடைக்கின்றனவா என்று பாருங்கள். கிடைத்தால் மட்டும், அடியில் ஒட்டியுள்ள ஸ்டிக்கரின் மாடல் எண்ணை வலெடூடோவின் பட்டியலோடு ஒப்பிட்டுவிட்டு ஸ்க்ரூ டிரைவரை எடுங்கள்.